எலும்பு என்ற எழுத்துக்குள் ஒரு சின்னப் பெட்டி

“சீன எழுத்துகள் எல்லாமே நமக்குப் பெட்டி பெட்டியாக ஒரே மாதிரிதான் தெரிகின்றன. அதில் எழுத்துரு மாறினால் என்ன குடி முழுகிவிடும்? இதற்குப் போய்ப் பண்பாடு, அடையாளம் என்று சீனர்கள் ஏன் இவ்வளவு மல்லுக்கு நிற்கிறார்கள்?” இதுதான் கேள்வி.

ஒரு புரூஃப் திரும்பி வரும்வரை எனக்கும் இதே சந்தேகம் இருந்தது. சிங்கப்பூரில் நான்கு மொழிகளில் கையேடும் துண்டுப் பிரசுரமும் வடிவமைப்பது என் பிழைப்பு. சீனம் சரளமாகப் படிக்க வராது, திட்டு வாங்கியே எழுத்துகளைப் பார்க்கப் பழகினேன். சில ஆண்டுகளுக்கு முன் எலும்புத் தேய்மானம் பற்றி ஒரு கையேடு செய்தோம். தமிழ், மலாய், ஆங்கிலப் பக்கங்கள் ஒரே நாளில் ஒப்புதலாகி வந்துவிட்டன. சீனப் பக்கம் மட்டும் அம்மை போட்டது போலச் சிவப்பு வட்டங்களோடு வந்தது. புரூஃப் பார்த்தவர், அலுவலகத்தில் எல்லோரும் ஆன்ட்டி என்று கூப்பிடும் ஒரு மூத்த சீனப் பெண்மணி. என் மேசைக்கு வந்து கேட்டார்: “இது எந்த ஊர் எலும்பு?”

எலும்பைக் குறிக்கும் சீன எழுத்தின் மேல்பாதியில் ஒரு சட்டம், அதற்குள் சின்னஞ்சிறு பெட்டி ஒன்று இருக்கும். சீனாவிலும் சிங்கப்பூரிலும் அந்தப் பெட்டி இடது மூலையில் ஒட்டியிருக்கும், எழுத்துக்கு மொத்தம் 9 கீற்று, அதாவது 9 கோட்டு இழுப்பு. ஜப்பானிலும் தைவானிலும் அது வலது மூலையில் இருக்கும், 10 கீற்று. நான் அனுப்பிய பக்கத்தில் இருந்தவை அத்தனையும் ஜப்பானிய எலும்புகள். மென்பொருளில் மொழி எது என்று குறிக்காமல் விட்டிருந்தேன், அது தன் பாட்டுக்கு ஒரு ஜப்பானிய எழுத்துருவை எடுத்துக்கொண்டது. கீற்றுகளைக் குறைத்துச் சீனா உருவாக்கிய எளிய எழுத்துகளில் ஜப்பானியத்தில் இல்லாதவற்றுக்கு மட்டும் வேறோர் எழுத்துருவைப் போட்டது. ஒரே வரியில் சில எழுத்துகள் தடித்தும் சில மெலிந்தும், பல பத்திரிகைகளிலிருந்து வெட்டி ஒட்டியது போல இருந்தன.

கவனியுங்கள், அந்தக் கையேட்டை எந்தச் சீனரும் தடையில்லாமல் படித்திருப்பார். பொருள் எங்கும் மாறவில்லை. ஆனால் இதை அச்சிட்டவன் நம்ம ஊர்க்காரன் இல்லை என்பது முதல் வரியிலேயே தெரிந்துவிடும். நோயாளிக்கு அறிவுரை சொல்லும் தாளில் அது சின்ன விஷயம் இல்லை. நான் புரிந்துகொண்ட வரையில் சீன எழுத்துரு காட்டும் அடையாளம் இதுதான். “நான் சீனன்” என்று அது சொல்வதைவிட, எந்த ஊர்ச் சீனன், எந்தக் காலத்தில் யாரிடம் எழுதப் படித்தவன் என்பதையே அதிகம் சொல்கிறது. சீனப் பண்பாடு என்று மொத்தமாக ஒன்றை எழுத்துருவில் தேடினால் கையில் அகப்படாது.

இதற்கு ஆகப் பெரிய சாட்சி, சீனப் புத்தகங்களிலும் நாளிதழ்களிலும் எங்கும் காணும் அந்தச் சாதாரண எழுத்துருதான். கிடைக்கோடு மயிரிழை போல மெல்லியதாக இருக்கும், செங்குத்துக் கோடு தூண் போலத் தடித்திருக்கும், கிடைக்கோட்டின் வலது முனையில் ஒரு குட்டி முக்கோணம் உட்கார்ந்திருக்கும். அந்த முக்கோணத்தை ஜப்பானியர் மீன் செதில் என்பார்கள். தூரிகை பிடித்து எழுதுகிற யாரும் இப்படி எழுத மாட்டார்கள். அப்படியானால் இந்த வடிவம் எங்கிருந்து வந்தது? மரத்திலிருந்து வந்தது என்பதுதான் பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம்.

பல நூற்றாண்டுகளாகச் சீனாவில் புத்தகம் என்றால் மரப்பலகை அச்சுதான். துன்ஹுவாங் குகையில் கிடைத்த வஜ்ர சூத்திரத்தில் அச்சிட்ட நாளே பொறித்திருக்கிறது, ஆண்டு 868. நாள் குறித்த அச்சு நூல்களில் உலகில் இன்று இருப்பவற்றுள் மிகப் பழையது அது. பக்கத்தைத் தாளில் எழுதி, பலகையில் குப்புற ஒட்டி, எழுத்தை விட்டுவிட்டுச் சுற்றியுள்ள மரத்தைச் செதுக்கி எடுப்பார்கள். பலகையில் மரத்தின் நார் கிடையாக ஓடும். நார் ஓடும் திசையிலேயே செல்லும் கிடைக்கோட்டை எவ்வளவு மெலிதாக விட்டாலும் அது தாங்கும். நாரை வெட்டிக்கொண்டு நிற்கும் செங்குத்துக் கோடு மெலிந்தால் பொத்தென்று உடைந்துவிடும். அதனால் அது தடித்தது. கோட்டின் முனை சீக்கிரம் தேயும், அங்கே ஒரு முக்கோணம் முட்டுக் கொடுத்தது. மிங் அரச காலத்தில், 16ஆம் நூற்றாண்டில், புத்தகத்துக்குத் தேவை பெருகியபோது எழுத்தழகு தெரியாத தச்சனும் வேகமாக வெட்டக்கூடிய நேர்கோட்டு வடிவமாக இது நிலைபெற்றது. ‘கைவினைஞர் எழுத்து’ என்றே அதற்குப் பெயர். அந்தக் காலத்து அறிஞர்களுக்கு இதைப் பார்த்தால் முகம் சுளித்துத்தான் இருந்திருக்கும்.

பெயரிலும் ஒரு வேடிக்கை. மிங் காலத்துச் செதுக்குநர்கள் தங்களுக்கு முந்தைய சோங் காலத்து நூல்களைப் பார்த்து வெட்டக் கிளம்பியவர்கள். அதனால் சீனாவில் இதன் பெயர் சோங் எழுத்து. ஜப்பானிலும் தைவானிலும் ஹாங்காங்கிலும் இதே சாமானுக்கு மிங் எழுத்து என்று பெயர். எந்தப் பெயரைச் சொல்கிறார் என்பதை வைத்தே ஆள் எந்தப் பக்கம் படித்தவர் என்று ஓரளவு ஊகிக்கலாம்.

சரி, தனித்தனி எழுத்தாகக் கோக்கும் அச்சு சீனாவில் இல்லையா என்று கேட்கலாம். இருந்தது, அதுவும் குட்டன்பர்குக்கு 400 ஆண்டுகளுக்கு முன்பே. 1040களில் பீ ஷெங் என்ற சாமானியர் களிமண்ணில் எழுத்து செய்து சுட்டு அச்சடித்ததை ஷென் குவோ என்ற அறிஞர் எழுதி வைத்திருக்கிறார். 1313இல் வாங் ஜென் மர எழுத்துகளைச் சுழலும் வட்ட மேசைகளில் அடுக்கி, உட்கார்ந்த இடத்திலிருந்தே எடுக்கும் முறையை விவரித்தார். ஆனால் 26 எழுத்து உள்ளவனுக்கு லாபமாக இருப்பது ஆயிரக்கணக்கில் எழுத்து உள்ளவனுக்கு லாபமாக இருக்காது. 1716இல் முடிந்த காங்ஷி அகராதியில் 47,035 எழுத்துகள். அவற்றில் ஒரு பங்கை வார்த்து அடுக்கி வைப்பதைவிட, பலகையை வெட்டி வைத்துக்கொண்டு வேண்டும்போது பத்துப் பிரதி அடிப்பது எத்தனையோ மலிவு. மரப்பலகை அவ்வளவு காலம் நீடித்ததற்குப் பழைமைவாதம் காரணமில்லை, கணக்குதான் காரணம்.

இங்கேதான் கதை சீனாவை விட்டு வெளியே போகிறது. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சீனத்துக்கு உலோக எழுத்து வார்க்க முனைந்தவர்கள் பெரும்பாலும் கிறித்தவப் போதகர்கள். சீனாவுக்குள் அவர்கள் சுதந்திரமாக வேலை செய்ய முடியாது, அதனால் சுற்றியுள்ள ஊர்களில் பட்டறை போட்டார்கள். வங்காளத்தில் செராம்பூரில் ஜோஷுவா மார்ஷ்மன் 1822இல் முடித்த சீன விவிலியம், உலோகத் தனி எழுத்துகளால் அச்சான நூல். அந்த எழுத்துகளை வெட்டியதில் வங்காளக் கொல்லர்களின் கை இருந்தது. பினாங்கு, மலாக்கா, சிங்கப்பூர் என்று வாழ்ந்த சாமுவேல் டயர், எந்த எழுத்து எத்தனை முறை வருகிறது என்று நூல்களில் எண்ணிப் பார்த்து, முக்கியமானவற்றுக்கு எஃகில் முத்திரை வெட்டத் தொடங்கி, பாதியில் 1843இல் மக்காவில் இறந்துபோனார். நான் பஸ் ஏறும் ஊரில் சீன எழுத்து வெட்டப்பட்டது என்பது எனக்கே வெகு காலம் தெரியாது.

பாரிஸில் இன்னொரு யோசனை செய்தார்கள். சீன எழுத்து பெரும்பாலும் இரண்டு உறுப்புகள் சேர்ந்தது, அப்படியானால் உறுப்புகளைத் தனித்தனியாக வார்த்து ஒட்டினால் போதுமே! கணக்குக்குச் சரி, கண்ணுக்குச் சரியில்லை. ஒரே உறுப்பு ஓர் எழுத்தில் ஒல்லியாகவும் மற்றொன்றில் அகலமாகவும் நிற்க வேண்டும். அப்படியே ஒட்டினால் இரண்டு பேர் பஸ் சீட்டில் முட்டிக்கொண்டு உட்கார்ந்தது போல இருக்கும். இந்தச் சங்கடம் இன்றும் தீரவில்லை. சீன எழுத்துரு செய்கிறவர் உறுப்புகளைக் கணினியில் நகலெடுத்தாலும், ஒவ்வோர் எழுத்தையும் கண்ணால் பார்த்துத் திருத்தியே ஆக வேண்டும்.

கடைசியில் முடிச்சை அவிழ்த்தவர் வில்லியம் கேம்பிள். அமெரிக்க மிஷன் அச்சகத்தை நிங்போவிலும் 1860 முதல் ஷாங்காயிலும் நடத்தியவர். மெல்லிய நாருள்ள மரத்தில் எழுத்தைச் செதுக்கச் சொல்லி, அதன் மேல் மின்முறையில் செம்பு படியவைத்து வார்ப்பு அச்சு எடுத்தார். எஃகில் வெட்டும் பாடு இல்லை, மரத்தில் வெட்டப் பழகிய சீனக் கைகளின் நயமும் அப்படியே ஏறியது. 1869இல் அவர் நாகசாகிக்குப் போய் மோதோகி ஷோசோ என்பவருக்கு இந்த வித்தையைக் கற்றுக்கொடுத்தார். ஜப்பான் அதைப் பிடித்துக்கொண்டு மெருகேற்றி, பின்னாளில் சீனாவுக்கே எழுத்து விற்றது. ஆக, இன்று ஒரு சீனருக்கு எந்த ஒப்பனையும் இல்லாத நம்ம எழுத்து என்று தோன்றும் வடிவம் தச்சன் உளியிலும் போதகர் பட்டறையிலும் ஜப்பானிய வார்ப்பிலும் புகுந்து வந்தது. தலைப்புக்குப் போடும் தடித்த, முனையில் முக்கோணம் இல்லாத ஹெய்தி எழுத்தும் ஜப்பான் வழி வந்ததுதான்.

இது சீனர்கள் சிலருக்கு உறுத்தியது. ஹாங்ஜோவைச் சேர்ந்த திங் சகோதரர்கள், 1910களின் பிற்பகுதியில், உண்மையான சோங் காலப் பதிப்புகளைப் பார்த்து மெலிந்த, சற்றே வலப்பக்கம் மேலேறும் எழுத்து ஒன்றை வெட்டினார்கள். அதற்கு ஃபாங்சோங், அதாவது சோங்கைப் பின்பற்றியது, என்று பெயர். ஜொங்ஹுவா பதிப்பகம் அதை வாங்கிச் செவ்வியல் நூல் வரிசைகளை அச்சிட்டது. புலவர் வீட்டு எழுத்தாகப் பிறந்த அது இன்று என்ன ஆயிற்று தெரியுமா? சீன அரசுக் கோப்புகளின் எழுத்தாயிற்று. அரசு ஆவணத்துக்கான 2012ஆம் ஆண்டுத் தரவிதி, உடல்பகுதி 3ஆம் எண் அளவு ஃபாங்சோங், பக்கத்துக்கு 22 வரி, வரிக்கு 28 எழுத்து என்கிறது. அந்த எழுத்துருவில் ஒரு தாள் வந்தாலே சீன ஊழியர் நிமிர்ந்து உட்காருவார்.

அப்புறம் எழுத்தையே ஒழித்துவிடலாம் என்ற காலம் ஒன்றும் இருந்தது. 1918இல் ச்சியன் ஷுவான்தொங், சீனா பிழைக்க வேண்டுமானால் சீன எழுத்து போக வேண்டும் என்று ‘புதிய இளைஞர்’ இதழில் எழுதினார். அவர் ஒன்றும் படிக்காதவர் இல்லை, எழுத்தியலில் ஊறிய அறிஞர். அடையாளத்தின் உயிர்நாடி என்று இன்று கொண்டாடப்படும் ஒன்றை அன்று சீன அறிவாளிகளே முன்னேற்றத்துக்குத் தடை என்று நினைத்தார்கள். ஒழிப்பு நடக்கவில்லை, எளிமையாக்கம் நடந்தது. 1956இல் திட்டம் வந்தது, 1964இல் பட்டியல் வந்தது. அதே ஆண்டுகளில் எழுத்து மேலிருந்து கீழே ஓடுவதை விட்டு இடமிருந்து வலமாகத் திரும்பியது. ‘மக்கள் நாளிதழ்’ 1956 ஜனவரி 1 அன்று மாறியது. தைவான் அரசு ஆவணங்கள் கிடைவரிக்கு மாறியது 2005இல்தான்.

எளிமையாக்கம் பற்றிய சண்டை இன்றும் ஓயவில்லை. ‘அன்பு’ என்ற எழுத்தின் நடுவில் இருந்த ‘நெஞ்சு’ என்ற உறுப்பை எடுத்துவிட்டார்கள், நெஞ்சில்லாத அன்பு என்ன அன்பு என்று, பழைய மரபெழுத்தையே வைத்துக்கொண்ட தைவான்காரர் கேட்பார். மறுபக்கத்தார், அந்த வடிவம் பழைய எழுத்தோவியர்கள் வேகமாக எழுதிய கையெழுத்திலிருந்தே வந்தது என்பார்கள். இரண்டும் உண்மை. என்னைக் கேட்டால், நெஞ்சில்லாத அன்பு என்பது கேட்க நன்றாக இருக்கிறது, வாதமாக நிற்காது. எளிய ‘மேகம்’ மரபு ‘மேகத்தை’ விடவே பழையது, அதற்கு என்ன சொல்வது?

இதைவிட எனக்குச் சுவையாகப் படுவது 1977இல் வந்த இரண்டாம் கட்ட எளிமையாக்கம். மக்கள் ஏற்கவில்லை, 1986இல் முறைப்படி திரும்பப் பெற்றார்கள். ஆனால் இடைப்பட்ட காலத்தில் ஷியாவ் என்ற குடும்பப் பெயருக்கு அதே ஓசையுள்ள வேறோர் எளிய எழுத்தைப் போட்டுவிட்டார்கள். திட்டம் போயிற்று, பெயர் பலருக்கு அப்படியே ஒட்டிக்கொண்டது. ஒரே குடும்பத்தில் பெரியப்பாவுக்கு ஓர் எழுத்தும் பையனுக்கு வேறோர் எழுத்தும் இருக்கலாம். அப்புறம் 2009இல் கல்வி அமைச்சகம் 44 எழுத்துகளின் அச்சு வடிவத்தைக் கொஞ்சம் திருத்தலாமா என்று மக்களிடம் கேட்டது. கொக்கி ஒன்றை எடுப்பது, கிடைக்கோடு ஒன்றைச் சற்று மேல்நோக்கிச் சாய்ப்பது, அவ்வளவுதான். எழுந்த எதிர்ப்பில் 2013இல் வந்த 8,105 எழுத்துகளின் இறுதிப் பட்டியலில் அந்தத் திருத்தம் இல்லை.

ஹாங்காங்கில் அடையாளம் புத்தகத்தில் இல்லை, தெருவில் இருக்கிறது. அடகுக் கடை, தேநீர்க் கடை, மருந்துக் கடை என்று பழைய பலகைகளில் காண்பது வடக்கு வெய் என்ற பழைய அரச மரபின் காலக் கல்வெட்டுகளைப் பின்பற்றிய பருத்த, முனை வெட்டிய எழுத்து. நியான் குழாயிலும் அதுவே எரிந்தது. பாதுகாப்பு விதிகளின்படி அந்த நியான் பலகைகள் ஒவ்வொன்றாக இறங்கத் தொடங்கியபோதுதான் இளைஞர்களுக்கு உறைத்தது. லீ ஹான் என்ற தெருவோர எழுத்தோவியர் எழுதிக் கொடுத்துப்போன ஆயிரக்கணக்கான மாதிரி எழுத்துகளை, பலகைக் கடைக்காரரின் மகன் ஒருவர் எழுத்துருவாக்கினார். சாலைப் பலகைகளில் கணினிக்கு முன் சிறைக்கைதிகள் கையால் வெட்டிய எழுத்துகளை ஓர் ஆர்வலர் குழு ஊர் ஊராகப் படமெடுத்துத் தொகுத்தது. அதற்குச் ‘சிறை எழுத்து’ என்றே பெயர். கோணல் மாணலாகத்தான் இருக்கும், ஆனால் அந்த ஊர்க்காரர்களுக்கு அது பள்ளிக்கூடம் போன வழி. கேன்டனீஸ் பேச்சுச் சொற்களும் உள்ளூர் இடப்பெயர்களும் கணினியில் வராமல் தவித்து, 1999இல் ஹாங்காங் அரசு 4,702 எழுத்துகள் கொண்ட தனி இணைப்புத் தொகுப்பு வெளியிட்டதும் இதே கதையின் இன்னொரு முகம்.

தைவானில் 2015இல் ஜின்ஷுவான் என்ற எழுத்துருவுக்குப் பொதுமக்களிடம் பணம் திரட்டினார்கள். அது அங்கே விளையும் தேயிலை வகை ஒன்றின் பெயர். 15 லட்சம் தைவான் டாலர் கேட்டார்கள், 2.5 கோடிக்கு மேல் வந்தது. ஓர் எழுத்துருவுக்கு! தைப்பேயில் 1969 முதல் ஈய எழுத்து வார்க்கும் ரிஷிங் பட்டறை இன்னும் இருக்கிறது. போகிறவர்கள் தங்கள் பெயருக்கான எழுத்துகளை அலமாரியில் தேடி எடுத்து வாங்கி வருகிறார்கள்.

இந்த ஊர் வேற்றுமைகள் எல்லாம் கணினிக்குள் நுழையும்போது என்ன ஆகும்? எல்லா மொழி எழுத்துக்கும் கணினியில் எண் கொடுக்கும் யூனிகோடு தொடங்கியபோது சீனா, ஜப்பான், கொரியா, தைவான் எழுத்துகளை ஒன்றாக்கி முதல் தொகுப்பில் 20,902 குறியெண்கள் கொடுத்தார்கள். எலும்புக்கு எங்கும் ஒரே எண். பெட்டி இடதா வலதா என்பது எழுத்துரு பார்த்துக்கொள்ள வேண்டிய விஷயம் என்று விட்டுவிட்டார்கள். என் கையேடு வழுக்கி விழுந்தது இந்தப் பள்ளத்தில்தான். 2014இல் அடோபியும் கூகுளும் சேர்ந்து வெளியிட்ட இலவச எழுத்துருவில் எல்லா ஊர் வடிவத்தையும் ஒரே கோப்பில் அடைக்கப் பார்த்தார்கள். ஒரு கோப்பு தாங்கும் உச்சவரம்பு 65,535 வடிவம், அத்தனையும் நிரம்பியது. அப்படியும் ஹாங்காங்குக்கென்று தனி வடிவம் 2018இல்தான் வந்தது.

மேற்கத்திய உணவகப் பலகைகளில் ஆங்கில எழுத்தையே கூரான தூரிகைத் துண்டுகளால் எழுதியிருப்பார்களே, அது இந்தக் குடும்பத்தில் சேராது. 1883இல் அமெரிக்காவில் கிளீவ்லாந்து வார்ப்பகம் போட்ட எழுத்து அது. சீனக் கடைக்காரர்களும் வாடிக்கையாளர் வரட்டுமென்று அதை மாட்டிக்கொண்டார்கள். ஆனால் அதில் ஒரு கீற்றுகூடச் சீன முறையில் எழுதப்பட்டதில்லை.

நீங்கள் சீன வரிகளை அச்சுக்குப் போடும் வேலையில் இருந்தால், படிக்கப்போவது யார் என்று முதலில் கேளுங்கள். மென்பொருளில் மொழியை மட்டும் குறித்தால் போதாது, சீனாவா, தைவானா, ஹாங்காங்கா என்பதையும் குறியுங்கள். பிறகு முற்றுப்புள்ளியைப் பாருங்கள். அது குட்டி வட்டமாக இருக்கும். சீனாவில் ஓர் எழுத்துக்கு ஒதுக்கிய கட்டத்தின் இடது கீழ்மூலையில் நிற்கும், தைவானிலும் ஹாங்காங்கிலும் நட்டநடுவில் நிற்கும். எழுத்து தெரியாதவர்கூட இதை வைத்துத் தவறைப் பிடித்துவிடலாம், நான் அப்படித்தான் பிடிக்கிறேன்.

ஆன்ட்டியிடம் ஒருமுறை, உங்களுக்கு எந்த வடிவம் சொந்தம் என்று கேட்டேன். பள்ளியில் சேர்ந்தபோது மரபெழுத்து. சிங்கப்பூர் 1969இல் தன் சொந்தப் பட்டியலாக 502 எளிய எழுத்துகளை அறிவித்து, 1976இல் முழுக்கச் சீனாவின் பட்டியலுக்கே மாறியபோது அவர் வகுப்பறையில் இருந்தவர். கை எளிய எழுத்துதான் எழுதும், அப்பா கடைப் பலகை மட்டும் பழைய எழுத்து என்றார். கடையை மூடிய பிறகு கறுப்புப் பலகையில் தங்க எழுத்து பதித்த அதை வீட்டுக்குக் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். அப்பா நினைவாகக் குடும்பத்துக்குள் கொடுக்க ஓர் அட்டை செய்து தரச் சொன்னார். நான் காட்டிய எழுத்துரு எதுவும் பிடிக்கவில்லை. கடைசியில் பலகையைப் படமெடுத்து, மூன்று எழுத்துகளையும் ஒவ்வொரு கீற்றாகக் கணினியில் வரைந்து, அட்டையில் வரிசையாக அடுக்கிக் கொடுத்தேன்.

சிவப்பு வட்டத்தோடு திரும்பி வந்தது. பலகை வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டியது. நான் இடமிருந்து வலமாக அடுக்கியிருந்தேன்.